எக்ஸ்ஏஎம்எல்: சொந்தக் கொன்ட்ரோலைத் தனி டிஎல்எல்லுக்கு மாற்றியதும் 'அந்த நேம்ஸ்பேஸில் இல்லை' என்கிறது

பரந்தன்மில் (கேள்வி)

எல்லாருக்கும் வணக்கம். மூன்று நாளாக ஒரே எரரோடு மல்லுக்கட்டுகிறேன். மில்லில் லப்டொப்புக்கு நெட் இல்லை, போனில் தமிழ் விசைப்பலகையில்தான் எழுதுகிறேன். அதனால் கோட் வரிகளும் தமிழ் எழுத்திலேயே வரும். நீங்கள் ஆங்கிலமாக நினைத்து வாசித்துக்கொள்ளுங்கள்.

பரந்தனில் சித்தப்பாவுக்கு அரிசி மில் இருக்கிறது. நெல் வாங்கும்போது பற்றுச்சீட்டு அடிக்க டபிள்யூபிஎஃப்பில் (விண்டோஸ் புரோகிராம்களின் திரைகளைச் செய்யும் மைக்ரோசொஃப்ட் தொகுதி, திரையின் அமைப்பை எக்ஸ்ஏஎம்எல் என்ற மொழியில் எழுதுவோம்) ஒரு புரோகிராம் எழுதிக் கொடுத்தேன். தராசில் மூட்டையை ஏற்றினால் எடை வயர் வழியாக வந்து ஒரு பெட்டியில் விழும். ஈரப்பதம் 14 வீதத்தைத் தாண்டினால் கழிவைக் கழித்து, நிகர எடையை அதே பெட்டியின் அடியில் சின்ன எழுத்தில் காட்டும். அந்தப் பெட்டி நானே எழுதிய கொன்ட்ரோல், அதாவது திரையில் வைக்கும் ஒரு துண்டு. டெக்ஸ்ட்பாக்ஸை அடியாக வைத்து எழுதியது, பெயர் எடைப்பெட்டி. காலபோகம், சிறுபோகம் என்று இரண்டு அறுவடைக்கு ஒரு பிசகும் இல்லாமல் ஓடியது.

ஒட்டுசுட்டானில் மச்சான் ஒருவன் உளுந்தும் கச்சானும் வாங்கி விற்கிறான். அவனுக்கும் அதே பெட்டி வேண்டுமாம். ஃபைலைக் கொப்பி பண்ணிக் கொடுத்திருக்கலாம். பிறகு ஒரு பிழையை இரண்டு இடத்தில் திருத்திக்கொண்டு திரிய வேண்டும். அதனால் எடைப்பெட்டியைத் தனி லைப்ரரியாக, அதாவது பல புரோகிராம்கள் பகிரக்கூடிய டிஎல்எல் ஃபைலாகப் பிரித்தேன். அன்றைக்குப் பிடித்தது சனி.

பெட்டியின் கிளாஸ் எந்த நேம்ஸ்பேஸில் (பெயர்க் குழுவில்) இருக்கிறது என்று எக்ஸ்ஏஎம்எல்லுக்கு ஒரு வரியில் சொல்ல வேண்டும். முன்பு, எல்லாம் ஒரே புரொஜெக்டில் இருந்தபோது, இந்த வரி வேலை செய்தது:

எக்ஸ்எம்எல்என்எஸ்:கரு="சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ்:நெல்மில்.கருவிகள்"

இப்போது இப்படி மாற்றியிருக்கிறேன்:

எக்ஸ்எம்எல்என்எஸ்:கரு="சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ்:பொதுக்கருவி.பெட்டிகள்; அசெம்பிளி=பொதுக்கருவி.டிஎல்எல்"

கீழே வழக்கம்போல <கரு:எடைப்பெட்டி/>. பில்ட் பண்ணினால் எம்சி3074: எடைப்பெட்டி என்ற டேக் அந்த எக்ஸ்எம்எல் நேம்ஸ்பேஸில் இல்லையாம். இருக்கிறது! லைப்ரரியில் 'பெட்டிகள்' என்ற ஃபோல்டருக்குள் கண்ணுக்கு முன்னால் இருக்கிறது. ரெஃபரன்ஸும் சேர்த்துவிட்டேன்.

க்ளீன், ரீபில்ட் பண்ணினேன். 'பின்', 'ஓபிஜே' என்ற இரண்டு பில்ட் ஃபோல்டர்களையும் அழித்தேன். எங்கேயோ பார்த்து 'சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ்' என்பதை 'யூசிங்' என்றும் மாற்றிப் பார்த்தேன், அது இன்னும் மோசம். விசுவல் ஸ்டூடியோ 2019. அடுத்த கிழமை சிறுபோக வெட்டுத் தொடங்குகிறது. சித்தப்பா ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் கார்பன் தாள் வைத்த பழைய சீட்டுப் புத்தகத்தைத் தூசி தட்டி மேசையில் வைத்துவிட்டார்.

முறிகண்டிக்கச்சான்

எனக்கும் இதே மாதிரி வந்தது. விசுவல் ஸ்டூடியோவை மூடித் திறந்தேன், போய்விட்டது.

பரந்தன்மில்

அண்ணா, ஐந்து தரம் மூடித் திறந்தாச்சு. லப்டொப்பையே அணைத்துப் போட்டும் பார்த்தாச்சு.

ஏ9அக்கா

தம்பி, மூடித் திறந்தால் போகிறது டிசைனர் (திரையை வரைந்து காட்டும் பகுதி) காட்டும் எரர். உங்களுடையது பில்டிலேயே வருகிறது, அதற்கு எம்சி என்று தொடங்கும் எண் வேறு இருக்கிறது. கொம்பைலர் சொல்கிற குறையை வரியில்தான் திருத்த வேண்டும்.

உங்கள் வரியில் என் கண்ணுக்கு இரண்டு பிழை உடனே தெரிகிறது. ஒன்று, அரைப்புள்ளிக்குப் பிறகு ஓர் இடைவெளி விட்டிருக்கிறீர்கள். அந்த மேற்கோள் குறிகளுக்குள் எங்கேயும் இடைவெளி கூடாது. கோட் எழுதுகிற பழக்கத்தில் கை தானாக ஸ்பேஸ் பாரைத் தட்டிவிடும், நானும் தட்டியிருக்கிறேன். இரண்டு, அசெம்பிளி என்ற இடத்தில் ஃபைல் பெயர் வரக்கூடாது, அசெம்பிளியின் (கொம்பைல் ஆகி வரும் டிஎல்எல் அல்லது எக்ஸியின்) பெயர்தான் வர வேண்டும். '.டிஎல்எல்' என்ற வாலை வெட்டுங்கள். அசெம்பிளி பெயர் என்ன என்பதையும் ஊகிக்காதீர்கள். லைப்ரரியின் புரொஜெக்ட் ப்ரொப்பர்ட்டீஸில் 'அசெம்பிளி நேம்' என்ற கட்டத்தில் என்ன இருக்கிறதோ அதுதான். சொலூஷன் எக்ஸ்ப்ளோரரில் புரொஜெக்டின் பெயரை மாற்றினாலும் அந்தக் கட்டம் மாறாமல் இருக்கலாம்.

மூன்றாவது என் சந்தேகம். 'ஃபோல்டருக்குள் கண்ணுக்கு முன்னால் இருக்கிறது' என்கிறீர்கள். எக்ஸ்ஏஎம்எல் உங்கள் ஃபோல்டரைப் பார்ப்பதே இல்லை. கொம்பைல் ஆன அசெம்பிளிக்குள் அந்த கிளாஸ் எந்த நேம்ஸ்பேஸில் பதிவாகியிருக்கிறது என்பதை மட்டும் பார்க்கும். எடைப்பெட்டி இருக்கும் சிஷார்ப் ஃபைலைத் திறந்து மேலே நேம்ஸ்பேஸ் என்று என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். பழைய புரொஜெக்டிலிருந்து இழுத்துப் போட்ட ஃபைல் என்றால் பழைய பெயர்தான் இருக்கும். யாரும் உங்களுக்காக மாற்றியிருக்க மாட்டார்கள்.

முன்பு அசெம்பிளி என்ற பகுதியே இல்லாமல் எப்படி ஓடியது என்று யோசிப்பீர்கள். வவுனியாவிலிருந்து கிளிநொச்சிப் பக்கம் போகிற பஸ்ஸில் ஏறி 'புளியங்குளம்' என்றால் கண்டக்டர் மறுபேச்சில்லாமல் ரிக்கெட் கிழிப்பார். அவருடைய றோட்டில் ஒரு புளியங்குளம்தானே. அந்தப் பெயரில் வேறு ஊர்களும் இருக்கின்றன, ஆனால் அவர் அதைப் பற்றிக் கவலைப்படத் தேவையில்லை. ஒரே புரொஜெக்டுக்குள் இருக்கும்வரை கொம்பைலர் அந்தக் கண்டக்டர். கிளாஸ் வேறு டிஎல்எல்லுக்குப் போய்விட்டால் எந்த மாவட்டத்துப் புளியங்குளம் என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

அப்புறம் அந்த 'யூசிங்'. அது யூடபிள்யூபி, வின்யூஐ ஆட்களுடைய எழுத்துமுறை. மாவுயியும் ஏற்கும். இவையெல்லாம் மைக்ரோசொஃப்டின் வேறு திரைத் தொகுதிகள். டபிள்யூபிஎஃப்புக்கு அது புரியாது. எல்லாமே எக்ஸ்ஏஎம்எல்தான் என்று ஒன்றின் வரியைக் கொண்டுபோய் இன்னொன்றில் ஒட்டினால் இப்படித்தான்.

இன்னொன்று, கிளாஸுக்கு முன்னால் பப்ளிக் என்று இருக்கிறதா?

பரந்தன்மில்

அக்கா, பப்ளிக் இல்லை. ஒன்றுமே இல்லை, வெறும் கிளாஸ் எடைப்பெட்டி என்றுதான் இருக்கிறது. ஆனால் முன்பு ஓடியதே?

நேம்ஸ்பேஸும் நீங்கள் சொன்ன மாதிரித்தான், இன்னும் 'நெல்மில்.கருவிகள்'. நான் 'பெட்டிகள்' என்று ஃபோல்டருக்குப் பெயர் வைத்துவிட்டு அது தானாக மாறிவிட்டது என்று நம்பியிருந்தேன்.

ஏ9அக்கா

சிஷார்ப்பில் ஒன்றும் போடாமல் விட்டால் கிளாஸ் இன்டர்னல், அதன் அசெம்பிளிக்குள் மட்டும் தெரியும். ஒரே அசெம்பிளிக்குள் இருந்தபோது டபிள்யூபிஎஃப் அதை அனுமதிக்கும், அதனால் இரண்டு போகம் ஓடியிருக்கிறது. இப்போது வேலிக்கு அந்தப் பக்கம் போய்விட்டது. பப்ளிக் போடுங்கள். அளவுரு இல்லாத பப்ளிக் கன்ஸ்ட்ரக்டரும் (கிளாஸை உருவாக்கும்போது ஓடும் பகுதி) வேண்டும். நீங்கள் வேறு கன்ஸ்ட்ரக்டர் எதுவும் எழுதவில்லை என்றால் அது தானாகவே இருக்கும்.

நேம்ஸ்பேஸைப் புதிதாக மாற்றினால் நல்லது. 'நெல்மில்' என்ற பெயரை உளுந்துக் கடையில் யார் பார்த்தாலும் குழம்புவார்கள். மாற்றுவதென்றால் கிளாஸிலும் எக்ஸ்ஏஎம்எல்லிலும் ஒன்றாக மாற்றுங்கள். பெரிய எழுத்து, சின்ன எழுத்து உட்பட ஒன்றாக இருக்க வேண்டும்.

உங்கள் மச்சான் விபியில் (விசுவல் பேசிக்கில்) எழுதுகிறவரா? அப்படியென்றால் அவருக்கு ஒரு சொல்: விபி புரொஜெக்டில் ரூட் நேம்ஸ்பேஸ் என்று ஒன்று ஒளிந்திருக்கும். ஃபைலில் நீங்கள் எழுதும் பெயருக்கு முன்னால் அது சேரும், எக்ஸ்ஏஎம்எல்லில் இரண்டையும் சேர்த்து எழுத வேண்டும்.

பரந்தன்மில்

பில்ட் ஆகிவிட்டது!! இப்போது வரி இது:

எக்ஸ்எம்எல்என்எஸ்:கரு="சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ்:பொதுக்கருவி.பெட்டிகள்;அசெம்பிளி=பொதுக்கருவி"

மச்சானுக்கு விபியும் தெரியாது சிஷார்ப்பும் தெரியாது அக்கா, அவனுக்குக் கச்சான்தான் தெரியும். இரண்டு கடைக்கும் நான்தான்.

ஆனால் இன்னும் இரண்டு வில்லங்கம். டிசைனரில் <கரு:எடைப்பெட்டி/> அடியில் கோடு போட்டு எக்ஸ்டிஜி0008 என்று, பெயர் நேம்ஸ்பேஸில் இல்லை என்றே இன்னும் சொல்கிறது. பில்ட் சரி, ஓடுகிறது, டிசைனர் மட்டும் பிடிவாதம். இரண்டாவது இதைவிட மோசம்: ஓட்டினால் எடைப்பெட்டி இருக்க வேண்டிய இடத்தில் ஒன்றும் இல்லை. எரரும் இல்லை. பெட்டியே காணவில்லை.

மாங்குளம்சந்தி

இரண்டாவதை நான் சொல்கிறேன், இதில் நான் ஒரு முழு ஞாயிற்றுக்கிழமையைத் தொலைத்தவன்.

நீங்கள் லைப்ரரி தொடங்கும்போது வெறும் கிளாஸ் லைப்ரரி என்று எடுத்திருப்பீர்கள். டபிள்யூபிஎஃப் கஸ்டம் கொன்ட்ரோல் லைப்ரரி என்று தனியாக ஒரு டெம்ப்ளேட் இருக்கிறது. அது இரண்டு சாமான்களைத் தானே செய்து வைக்கும். ஒன்று, தீம்ஸ் என்ற ஃபோல்டருக்குள் ஜெனரிக் டொட் எக்ஸ்ஏஎம்எல் என்ற ஃபைல், உங்கள் கொன்ட்ரோலின் தோற்றம் அதில்தான் இருக்க வேண்டும். மற்றது, அசெம்பிளிக்கு மேலே போடும் தீம்இன்ஃபோ என்ற அட்ரிபியூட், அதாவது ஒரு குறிப்பு வரி. தோற்றம் இதே அசெம்பிளிக்குள்தான் இருக்கிறது, வெளியே தேடாதே என்று அது டபிள்யூபிஎஃப்புக்குச் சொல்லும்.

நீங்கள் கிளாஸை மட்டும் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறீர்கள். ஜெனரிக் ஃபைல் இன்னும் மில் புரொஜெக்டில் கிடக்கும். கிளாஸுக்குள் டிஃபோல்ட் ஸ்டைல் கீயை (எந்தத் தோற்றத்தைத் தேட வேண்டும் என்று சொல்லும் குறியை) மாற்றி எழுதியிருப்பதால் டெக்ஸ்ட்பாக்ஸின் பழைய தோற்றத்தையும் எடுக்காது. உயிர் இருக்கிறது, உருவம் இல்லை. எரர் வராததற்கும் அதுதான் காரணம். தோற்றம் இல்லாத கொன்ட்ரோல் சட்டப்படி சரிதான்.

ஃபைலை லைப்ரரிக்கு மாற்றுங்கள், ஃபோல்டர் பெயர் தீம்ஸ் என்றே இருக்கட்டும். இங்கே மட்டும் ஃபோல்டர் பெயருக்கு மதிப்பு உண்டு. அந்த ஃபைலின் பில்ட் அக்ஷன் 'பேஜ்' என்று இருக்க வேண்டும். அதற்குள் இருக்கும் எக்ஸ்எம்எல்என்எஸ் வரியில் அசெம்பிளி பகுதியைப் போடாதீர்கள், இப்போது அது சொந்த வீட்டில் இருக்கிறது.

டிசைனர் கோளாறுக்கு ஒரு கேள்வி: பிளாட்ஃபோம் என்னவாக வைத்திருக்கிறீர்கள்?

பரந்தன்மில்

எக்ஸ்64. லப்டொப் 64 பிட் என்பதால் அதுதான் நல்லது என்று நினைத்து எல்லாவற்றுக்கும் அதையே வைத்தேன்.

மாங்குளம்சந்தி

நினைத்தேன். விசுவல் ஸ்டூடியோ 2019 ஒரு 32 பிட் புரோகிராம். 2022தான் 64 பிட்டாக வந்தது. 64 பிட்டுக்கு மட்டும் என்று செய்த டிஎல்எல்லை 32 பிட் டிசைனர் ஏற்றிப் பார்க்க முடியாது. ஏற்ற முடியாவிட்டால் 'பெயர் இல்லை' என்றுதான் சொல்லும், 'என்னால் திறக்க முடியவில்லை' என்று நேராகச் சொல்ல அதற்கு வாய் வராது. லைப்ரரியை எனி சிபியூ ஆக்கி மறுபடி பில்ட் பண்ணுங்கள்.

ரெஃபரன்ஸ் சேர்த்தது எப்படி? டிஎல்எல் ஃபைலைத் தேடிப் பிடித்தா, புரொஜெக்டையே காட்டியா?

பரந்தன்மில்

ஃபைலைத்தான். டெஸ்க்டொப்பில் ஒரு கொப்பி வைத்திருந்தேன்.

மாங்குளம்சந்தி

அதை எடுத்து எறியுங்கள். நீங்கள் லைப்ரரியைத் திருத்தத் திருத்த, மில் புரொஜெக்ட் டெஸ்க்டொப்பில் கிடக்கும் பழைய கொப்பியைத்தான் பார்த்துக்கொண்டிருக்கும். இரண்டும் ஒரே சொலூஷனில் இருந்தால் புரொஜெக்ட் ரெஃபரன்ஸ் போடுங்கள். ஒட்டுசுட்டானுக்கு ஸிப் பண்ணி அனுப்பினாலும் கவனம்: இணையத்தால் வந்த ஸிப்பிலிருந்து எடுத்த டிஎல்எல்லை விண்டோஸ் தடுத்து வைத்திருக்கும். ஃபைலின் ப்ரொப்பர்ட்டீஸில் 'அன்பிளொக்' என்று ஒரு கட்டம் தெரிந்தால் அதைக் குத்திவிட்டுப் பாவியுங்கள்.

இன்னொரு யோசனை, அவசரமில்லை. இரண்டு கடை, நாளைக்கு மூன்றாவது கடை என்று போனால், ஒவ்வொரு ஃபைலிலும் அந்த நீண்ட வரியை எழுதத் தேவையில்லை. லைப்ரரியில் எக்ஸ்எம்எல்என்எஸ் டெஃபினிஷன் என்ற அட்ரிபியூட்டைப் போட்டு, 'எச்டிடிபி' என்று தொடங்கும் ஒரு முகவரியை உங்கள் நேம்ஸ்பேஸோடு முடிச்சுப் போட்டுவிடலாம். எக்ஸ்ஏஎம்எல்லில் அந்த முகவரியை மட்டும் எழுதினால் போதும். பிறகு லைப்ரரிக்குள் நேம்ஸ்பேஸை இரண்டாகப் பிரித்தாலும் கடைகளில் ஒரு வரியும் மாறாது, இரண்டையும் அதே முகவரியோடு முடிச்சுப் போடலாம்.

பரந்தன்மில்

அண்ணா, மில்லில் நெட் இல்லை என்றேனே. அந்த முகவரியை எப்படித் திறக்கும்?

மாங்குளம்சந்தி

யாரும் திறப்பதில்லை. பார்க்கத்தான் இணைய முகவரி, உண்மையில் வெறும் பெயர். வேறு யாருடைய பெயரோடும் மோதக் கூடாது என்பதற்காக அப்படி எழுதுகிறார்கள். உங்கள் எக்ஸ்ஏஎம்எல்லின் முதல் வரியிலேயே மைக்ரோசொஃப்டின் அப்படி ஒரு முகவரி இருக்கிறது, அதில் 2006 என்ற எண்ணையும் பார்க்கலாம். இத்தனை நாளும் அது நெட் இல்லாமல்தானே ஓடியது?

ஒரே ஒரு நிபந்தனை: அந்த அட்ரிபியூட்டைப் போட்ட அசெம்பிளிக்கு உள்ளேயே அந்த முகவரியைப் பாவிக்க முடியாது. ரெஃபரன்ஸாகச் சேர்க்கும் புரொஜெக்டுகளுக்குத்தான் பலிக்கும். ஜெனரிக் ஃபைலில் பழைய சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ் வரியே இருக்கட்டும்.

பரந்தன்மில்

பெட்டி வந்துவிட்டது. டிசைனரின் கோடும் போய்விட்டது. நேற்று இரவு பத்தரைக்குச் சோதித்துப் பார்க்கத் தராசில் நானே ஏறி நின்றேன், 61.4 கிலோ. ஈரக் கழிவு கழித்து நிகர எடையும் காட்டியது.

முகவரி விளையாட்டை அறுவடை முடிந்த பிறகு வைத்துக்கொள்கிறேன். ஆனால் கடைசியாக ஒன்று, அக்கா இருந்தால் பாருங்கள். சீட்டின் அமைப்பை நான் எக்ஸிக்குள் வைக்கவில்லை, பக்கத்தில் ஒரு எக்ஸ்ஏஎம்எல் ஃபைலாக வைத்து புரோகிராம் ஓடும்போது எக்ஸ்ஏஎம்எல்லை வாசிக்கும் எக்ஸ்ஏஎம்எல்ரீடரின் லோட் மூலம் ஏற்றுகிறேன். சித்தப்பா அடிக்கடி போன் நம்பர் மாற்றுவார், ஒவ்வொரு தரமும் பில்ட் பண்ண முடியாது. இதுவரை அதில் சாதாரண டெக்ஸ்ட்பிளொக்குகள்தான். இப்போது சீட்டின் தலைப்பகுதியை 'சீட்டுத்தலை' என்று ஒரு கொன்ட்ரோலாக்கினேன். அது லைப்ரரியில் இல்லை, மில் புரொஜெக்டிலேயே இருக்கிறது. சொந்த வீடுதானே என்று அசெம்பிளி பகுதி போடவில்லை. ஓடும்போது எக்ஸ்ஏஎம்எல்பார்ஸ்எக்ஸப்ஷன், தெரியாத டைப்பை உருவாக்க முடியாதாம். அதே வரியை விண்டோவின் எக்ஸ்ஏஎம்எல்லில் போட்டால் வேலை செய்கிறது!

ஏ9அக்கா

இருக்கிறேன் தம்பி, பிள்ளைகள் படுக்கும்வரை காத்திருந்தேன்.

விண்டோவின் எக்ஸ்ஏஎம்எல் கொம்பைல் ஆகிறது. எந்த அசெம்பிளிக்காகக் கொம்பைல் ஆகிறது என்பது கொம்பைலருக்குத் தெரியும், அது பஸ்ஸுக்குள் இருக்கும் கண்டக்டர். எக்ஸ்ஏஎம்எல்ரீடருக்கு நீங்கள் கொடுப்பது வெறும் எழுத்து. யார் கொடுத்தது, எந்த எக்ஸியிலிருந்து வந்தது என்று அது பார்ப்பதில்லை. நடுறோட்டில் நின்று யாரோ ஒருவரிடம் 'புளியங்குளத்துக்கு எப்படிப் போவது' என்று கேட்பது மாதிரி. எந்தப் புளியங்குளம் என்று திருப்பிக் கேட்கக்கூட அது மெனக்கெடாது, தெரியாது என்று எக்ஸப்ஷனைப் போட்டுவிட்டுப் போய்விடும்.

ஆகவே ஓடும்போது ஏற்றும் ஃபைல்களில் சொந்த எக்ஸியில் இருக்கும் கிளாஸுக்கும் அசெம்பிளியைச் சொல்லியே ஆக வேண்டும்:

எக்ஸ்எம்எல்என்எஸ்:மில்="சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ்:நெல்மில்.சீட்டு;அசெம்பிளி=நெல்மில்"

இங்கேயும் '.எக்ஸி' என்ற வால் கூடாது. சீட்டுத்தலை கிளாஸும் பப்ளிக்காக இருக்கட்டும்.

மாங்குளம் சொன்ன முகவரி முறைக்குப் போகும்போது இதே ஃபைலில் இன்னொரு முறை மாட்டுப்படுவீர்கள், அதனால் இப்போதே சொல்லி வைக்கிறேன். முகவரியில் அசெம்பிளியின் பெயர் இல்லை அல்லவா, லைப்ரரி டிஎல்எல் அதற்குள் நினைவகத்தில் ஏறியிருந்தால்தான் எக்ஸ்ஏஎம்எல்ரீடருக்கு அந்த முகவரி தெரியும். உங்கள் விண்டோவில் எடைப்பெட்டி ஏற்கெனவே திறந்திருப்பதால் தப்பிவிடும். ஆனால் சீட்டை மட்டும் தனியாக அடிக்கிற ஒரு சின்ன புரோகிராம் எழுதினால் அன்றைக்கு 'முந்தநாள் ஓடியதே' என்று இங்கே வந்து நிற்பீர்கள். சீட்டு ஃபைல்களுக்கு அசெம்பிளி எழுதிய நீண்ட வரிதான் பத்திரம்.

இன்னொரு விசயம், நீங்கள் கேட்கவில்லை. அப்படி ஏற்றும் எக்ஸ்ஏஎம்எல் எந்த கிளாஸையும் உருவாக்கக் கூடியது, அது வெறும் படிவம் இல்லை. சீட்டு ஃபைலை வெளியாட்கள் கை வைக்காத ஃபோல்டரில் வையுங்கள்.

முறிகண்டிக்கச்சான்

நான் மூடித் திறந்தபோது போனது எப்படி என்று இப்போதுதான் விளங்குகிறது. என்னுடையது டிசைனர் எரர். நன்றி அக்கா.

பரந்தன்மில்

சீட்டு அடித்துவிட்டது. காலையில் ஊரியானிலிருந்து வந்த முதல் ட்ரக்டருக்கு 23 மூட்டை, தலைப்பில் புது போன் நம்பரோடு.

அக்கா, அண்ணாமார், இந்தப் பக்கம் வந்தால் மில்லுக்கு வாருங்கள், புது அரிசி தந்துவிடுகிறேன். சீட்டுப் புத்தகம் இன்னும் மேசையில்தான் இருக்கிறது. கரண்ட் போனால் உன் பெட்டி என்ன செய்யும் என்று சித்தப்பா கேட்டார், அதற்கு என்னிடம் பதில் இல்லை.